அறையின் ஒலி

முதலில் எந்தக் கரையில் எடுத்தாய் என்று
இரண்டு கரையிலும் கேட்டார்கள்.
இரண்டு கரையிலும்
'இங்கேதான்' என்றேன்.
படத்தின் முதல் பொய் அது.
கேமரா அப்போது பைக்குள் இருந்தது.

மித்ரோவிட்சாவில் இபார் ஆறு
ஆகஸ்டு மாதம் முழங்காலளவுதான்.
பாலம் வருமுன் காரை ஓரங்கட்டி
நெஜாத் எண்பலகையை மாற்றுவான்,
திருப்புளியைப் பல்லில் கடித்தபடி,
பள்ளிச் சட்டை மாற்றும் பையனின் அலுப்போடு.
நான் ஸ்கோப்யேக்காரி.
அதனால் யாருடையவளும் இல்லை என்று
நினைத்துக்கொண்டிருந்தேன்.

வடக்கே, நான்காம் மாடியில் ராதோய்கா.
கணவனைக் கூட்டிப்போன வருடத்துக்குப் பின்
வீட்டில் நாள்காட்டி கிடையாது.
தெற்கே பெத்ரி.
மகனின் ஒற்றைச் செருப்பை மேசைமேல் வைத்து
வெளிச்சம் போதுமா என்று கேட்டார்.
எனக்கு முன்னால் எத்தனை கேமராக்களோ.
அந்தக் கேள்வியை வெட்டிவிட்டேன்.

பேச்சு முடிந்ததும் நெஜாத் கை உயர்த்துவான்:
அரை நிமிடம், யாரும் அசையாதீர்கள்,
அறையின் ஒலி வேண்டும்.
வெட்டிய இடங்களுக்கு அடியில் விரிக்க
ஒரு பாய் அளவு அமைதி.
எக்ஸ்ரேக்கு நிற்பவர் போல
ராதோய்கா மூச்சை அடக்கினார்.
பெத்ரி கண்களை மூடிக்கொண்டார்.

இப்போது இரவு இரண்டு மணி. எடிட்டிங் மேசை.
கோப்புகளின் பெயர்கள் அழிந்துபோய்விட்டன.
திரையில் இரண்டு அமைதிகள்,
எது யாருடையதென்று தெரியாமல்.
இரண்டிலும் ஒரு குளிர்பெட்டி முனகுகிறது,
இரண்டிலும் திடுக்கிட்டு நிற்கிறது.
"ஒரே ஆலை" என்றான் நெஜாத்.
"அப்பா அங்கேதான் வேலை பார்த்தார்.
அந்த மோட்டார் அப்படித்தான்,
இருமாமல் அடங்காது."

தொலைக்காட்சியிலிருந்து கடிதம் வந்திருக்கிறது:
வசன வரிகளுக்கு இரண்டு நிறம் கொடுங்கள்,
பார்ப்பவர்கள் குழம்புகிறார்கள்.

தூக்கக் கலக்கம்.
ராதோய்காவின் சொற்களுக்கு அடியில்
ஏதோ ஒன்றை இழுத்துப் போட்டேன்.
பொருந்திவிட்டது.
மகிழ்ச்சியாகக்கூட இருந்தது, சொல்லப்போனால்
இதுதான் படம் என்று தோன்றியது.

நெஜாத் ஹெட்போனைக் கழற்றினான்.
"அது அவர் வீட்டு அமைதி இல்லையென்றால்?"

யாருக்குத் தெரியப்போகிறது என்றேன்.

"அவருக்குத் தெரியும்.
இத்தனை வருடமாக
அதை மட்டும்தானே கேட்டுக்கொண்டிருக்கிறார்."

விடிந்ததும்
திருப்புளியைத் தேடினோம்.