நாலாம் நாள்

முதல் வருசம்
பேர் கூப்பிட்டுவிட்டுச் சோறு தின்று
ஒரு கண் அயர்ந்து எழும்ப
மறுமொழி வந்துவிட்டது.
இப்போது எட்டு நாள்.
முப்பத்துமூன்று வருசத்தில்
கலம் அவ்வளவு தூரம் போய்விட்டது,
வேறொன்றுமில்லை என்கிறான்
கணக்குப் பார்க்கிற யதுசன்.
எட்டு என்றதும்
மணற்காட்டில் ஒருவரும் சும்மா இருக்கவில்லை.
எட்டுச் செலவுக்குத் தோதாய்ப் போச்சு என்று
பலகாரத்துக்கு மா இடித்துவிட்டார்கள்.

சட்டம் இதுதான்:
ஆவணிக் கடைசியில், சோளகம் தணிகிற கிழமை,
நூற்றிப்பதினாலு பேரையும்
ஒழுங்கை ஒழுங்கையாகக் கூப்பிட வேண்டும்.
கூப்பிட்ட நேரம் முதல் துடக்கு.
தொலைபேசி இல்லை. மோட்டார் இல்லை.
வாடியில் வெல்டிங் பொறிகூடப் பறக்கக் கூடாது.
மணல் மேட்டு அலைவாங்கித் தட்டின் காதில்
எங்கள் இரைச்சல் விழக் கூடாதாம்.
மூன்று வருசம் தொடர்ந்து
"உள்ளேன்" என்று வராத பேரைக்
கறுப்புக் கொப்பியில் எழுதிக்
கடலில் ஒரு செம்பு தண்ணீர் வார்ப்போம்.
இதுவரை இருபத்தாறு செம்பு.

என் புருசன் நிரோஜன்
வாய் திறந்து இரண்டு வருசம்.
போகும்போது சண்டை.
தேத்தண்ணிக்கு அவர் போட்ட சீனி
கூடிப்போனதில் தொடங்கியது.
எங்கே முடிந்தது என்று எனக்கு நினைவில்லை.
அவருக்கு இருக்கும், அப்படிப்பட்ட ஆள்.
இந்த முறையும் வராவிட்டால்
செம்பு என் கையில்.

நாலாம் நாள் பின்னேரம்
தட்டில் ஏறிய மணலைக் கூட்டப் போனேன்,
என் முறை.
ஊர் படுத்திருந்தது.
நாய்களும் துடக்குக் காத்தன.
பெட்டிக்குள் பச்சை ஊசி நிமிர்ந்தது.
மறுமொழிக்கு இன்னும் நாலு நாள் கிடக்கிறது.
கேட்காமலே ஆரோ பேசுகிறார்கள்.

ஒரு பொடிச்சியின் குரல்.
மண் மிதியாத தமிழ்,
ஒவ்வொரு 'ழ'வையும் கண்ணாடிச் சாமான்போல
இரண்டு கையாலும் தூக்கி வைத்தாள்.
"கிழக்கு ஒழுங்கை" என்றாள்.
"சற்குணராசா."
தண்ணீர் ஒரு சொட்டு விழுகிற சத்தம்.
"மயூரதி." சொட்டு.
"கிணற்றடி துவாரகன்." சொட்டு.
அங்கே வேர்வையை வடித்துக் குடிக்கிறார்கள்.
அந்தச் சொட்டின் விலை எனக்குத் தெரியும்.

எங்கள் பேர்கள்.
போன நாளை அவர்களும் எண்ணியிருக்கிறார்கள்,
அதே நாள், அதே நாழிகை.
எங்கள் கூப்பாடும் அவர்களுடையதும்
நடு இருட்டில்
முன்பின் தெரியாத இரண்டு பேரைப்போல
ஒதுங்கிக் கடந்திருக்கும்.

அவர்களுக்கு நாங்கள்தான் போனவர்கள்.

"பிரவினா" என்றாள்,
'வீ'யைக் குறுக்கி.
தண்ணீர் விழவில்லை.
ஒரு ஆம்பிளைத் தொண்டை செருமியது.
பிறகு விழுந்தது,
சொட்டாக அல்ல, ஒரு மடக்களவு.
எப்போதும் அளவு தெரியாத கை.

துடக்கை முறித்தேன்.
சுவிச்சை அழுத்தி "உள்ளேன்" என்றேன்.
என் குரல்தானா என்றிருந்தது.
மயூரதி உள்ளாள், நாரி நோவோடு.
துவாரகன் உள்ளான்,
கடன்காரருக்கு மட்டும் இல்லை.
சற்குணராசா
பங்குனியில் போய்விட்டார்.
அவர் பேருக்குச் சுவிச்சை அழுத்தியபடி
ஒன்றும் சொல்லாமல் இருந்தேன்,
பின்னால் கடல் கேட்டிருக்கும்.

இது போய்ச் சேர நாலு நாள்.
எட்டாம் நாள் இங்கே
படையலுக்கு வாழையிலை விரிக்கிற நேரம்
அங்கே ஒரு செத்தவள் வாய் திறப்பாள்.
அந்தப் பொடிச்சி பயப்படாமல் இருக்க வேண்டும்.

மிச்ச மணலையும் கூட்டி முடித்தேன்.
ஊருக்கு இன்னும் சொல்லவில்லை.
மின்சாரக் கணக்கு எழுதும்போது
யதுசன் கண்டுபிடிப்பான்.