நாற்பது மட்டி

நாற்பது மட்டியைப் பிளந்திருந்தேன்.
சதையை உலர்த்தி, இடித்து, நைட்ரிக் அமிலத்தில் கரைத்து
ஒவ்வொன்றின் காட்மியத்தையும்
புள்ளிக்குப் பின்னால் மூன்று இலக்கம் வரை
எழுதி வைத்திருந்தேன்.
உப்பனாற்றின் மேல்பக்கம் இருபது,
கீழ்ப்பக்கம் இருபது.
பி-மதிப்பு 0.003 என்றது கணினி.
அன்று சாயங்காலம் மஞ்சக்குப்பத்திலிருந்து
ஆய்வகத்துக்கே முட்டை பப்ஸ் வாங்கி வந்தேன்.

இம்தியாஸ் என்னைவிட நான்கு வயது சின்னவன்.
பப்ஸை ஊதி ஊதித் தின்றபடி கேட்டான்:
"எத்தனை இடம்?"
இரண்டு.
பாலத்துக்கு அந்தப்புறம் ஒரு சேறு,
சோனாங்குப்பத்துக்கு எதிரே ஒரு சேறு.
"அப்போ உங்க எண்ணிக்கை நாற்பது இல்லீங்க.
இரண்டு."
உதட்டில் ஒட்டியிருந்த துணுக்கை
விரலால் எடுத்து வாயில் போட்டுக்கொண்டான்.

ஒரே குழம்பில் இருபது கரண்டி மொண்டு
ருசி பார்த்தவள்
இருபது வீட்டில் விருந்துண்டதாகச் சொல்லலாமா?
இந்த ஒரு வாக்கியத்தை
எனக்கு நானே சொல்லிக்கொள்ள
மூன்று இரவு ஆனது.
புள்ளியியல் தாளில் எழுபத்தெட்டு வாங்கியவள் நான்.
திட்ட விலக்கத்தின் சூத்திரத்தைத்
தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன்.
எதை ஒன்று என்று எண்ணுவது என
எந்தத் தாளிலும் கேட்கவில்லை.

நான்காம் நாள்
ஆற்றின் வரைபடத்தில் கோடு இழுத்தேன்.
அறுபத்து நான்கு கட்டம், அறுபத்து நான்கு சீட்டு.
டிபன் டப்பாவில் போட்டுக் குலுக்கி
அஞ்சலாட்சியிடம் நீட்டினேன், பன்னிரண்டு எடு என்று.
போன வருஷம் அந்த இரண்டு சேற்றையும்
எனக்குக் காட்டியவள் அவள்தான்.
பாதத்தால் தடவியே
மட்டியையும் கல்லையும் பிரித்துச் சொல்வாள்.
"சீட்டு கட்டுனவங்களுக்குக் குலுக்கிப் பார்த்திருக்கேன்,
ஆத்துக்குமா குலுக்குவாங்க?"
சிரித்துக்கொண்டே எடுத்தாள்.
ஏழாவது சீட்டில் சிரிப்பு நின்றது.
"நாப்பத்தொண்ணா? அங்க ஏது மட்டி?
தெரிஞ்ச பொம்பள எவளும் அங்க எறங்க மாட்டா."

அப்போதுதான் எனக்கு வயிற்றைப் பிசைந்தது.
மட்டி இருக்கும் இடத்தைத்தான் அவள் காட்டினாள்.
மட்டி இருக்கும் இடமென்றால்
மட்டி பிழைத்த இடம்.
ஒரு வருஷம் முழுக்க
பிழைத்தவர்கள் வீட்டு வாசலில் மட்டும் நின்று
இந்தத் தெருவில் சாவு உண்டா என்று
கேட்டுக்கொண்டிருந்திருக்கிறேன்.

இப்போது ஆறு இடம் முடிந்திருக்கிறது.
இம்தியாஸ் சும்மா ஒரு படம் போட்டுக் காட்டினான்.
பெட்டிகளுக்கு மேலும் கீழும்
ஐயனார் சிலைக்கு வைத்ததுபோல் மீசை.
மேல்பக்கத்து மீசை
கீழ்ப்பக்கத்துப் பெட்டியை முட்டிக்கொண்டு நிற்கிறது.
பழைய படம் எவ்வளவு அழகாக இருந்தது,
மழமழவென்று, சந்தேகமே முளைக்காத முகமாய்.
அதை இன்னும் அழிக்கவில்லை.
நடு இரவில் சில சமயம் திறந்து பார்க்கிறேன்.

"இவ்ளோ அறுத்துப் பார்த்தியே,
தின்னலாமா கூடாதா?"
தண்ணீர் முழங்காலைத் தாண்டும்போது கேட்டாள்.
நூற்றில் தொண்ணூற்றைந்து என்று
எதையோ தொடங்கினேன்.
"மிச்சம் அஞ்சு யாரு?" என்றாள்.
"எங்க ஊட்லயும் அஞ்சு பேருதான்."
அது அப்படியில்லை என்று சொல்ல வாய் திறந்து
மூடிக்கொண்டேன்.
எப்படியில்லை என்பதைச்
சேற்றில் நின்றுகொண்டு சொல்லும் தமிழ்
இன்னும் என்னிடம் இல்லை.

அரைமணி நேரம் துழாவினோம்.
அவள் காலாலும் நான் சல்லடையாலும்.
"நான்தான் சொன்னேனே, வெறும் கையோட போறோம்" என்றாள்.
வெறும் கையில்லை என்றேன்.
கரையேறி, பேனாவைப் புடவையில் துடைத்து எழுதினேன்:

கட்டம் 41. காலை 6.50. வத்தம்.
சேறு இடுப்பளவு. வாடை உண்டு.
மட்டி: 0.
அஞ்சலாட்சியின் செருப்பு ஒன்று போனது,
இடது கால்.