பெயரை மட்டும்

உப்புவெளியில் நிற்கிறது
நான் வாடகைக்கு விடும் வீட்டு வான்.
பிரிட்ஜ் குளிராமல் பாரைமீன் நாறி,
ஒல்லாந்துச் சோடி ஒன்று
காசைத் திருப்பி வாங்கிக்கொண்டு போயிற்று.
கதவில் மட்டும் மினுக்கம் குறையாத
வெள்ளி எழுத்து: நோர்வெல்.

தொடர் இலக்கம் தேடி
லேபிளை நகத்தால் உரித்தேன்.
அடியில் வேறொரு கொம்பனி.
அதற்கும் அடியில், பசை காய்ந்த மூன்றாவது.
அதில்தான் ஒரு தெருவின் பெயர் இருந்தது,
தபால் போடலாம் போல.

மூன்று கிழமைக்குப் பிறகு
மரியாதையான ஒரு கடிதம்:
நாங்கள் வாங்கியது பெயரை மட்டும்.
முன்னைய பொருட்களுக்கு
முன்னைய உரிமையாளரைக் கேட்கவும்.
அவர்கள் கலைக்கப்பட்டது
இரண்டாம் பக்கத்தில், சின்ன எழுத்தில்.

காஸ் அடிக்கக் கிண்ணியாவிலிருந்து வந்த
சதக்கத்துல்லா வாசிக்கச் சொல்லிக் கேட்டு,
"கோட்டையே நாலு கை மாறின ஊர் மச்சான்,
பிரிட்ஜ் மாறாதா?" என்றான்.
ஐஸ்கிறீம் வண்டியில் கழற்றிய ரிலே ஒன்றைச்
சறத்தில் துடைத்துப் பூட்டினான்.
நாலு மணிபோல மோட்டர்
செருமிக்கொண்டு எழும்பியது.

ரசீதில் கொம்பனிப் பெயருக்கென்று ஒரு கோடு.
அவன் பெயரை எழுதினேன்,
'க்' எத்தனை என்று கேட்டுக் கேட்டு.

வெள்ளி எழுத்தை உரிக்கவில்லை.
யாருடையதோ அது, இந்தக் கிழமை.