இருபதாயிரம் அகல வாசல்

வழக்கை வாபஸ் வாங்கக் கையெழுத்துப் போட்டேன்.
திருப்பி எடுப்பதையும் தமிழில் நாம்
வாங்குவது என்றுதான் சொல்கிறோம்.
ரசீதும் வந்தது.

வழக்கறிஞர் ஷர்மினி நல்ல பெண்.
வாக்குமூலம், ஆவணப் பட்டியல், விசாரணை நாள் என்று
தன் கட்டணத்தைத் தானே கூட்டிப் பார்த்துப்
பேனாவை மூடினாள்.
"சின்ன வழக்குத் தீர்ப்பாயத்துக்குப் போங்கக்கா.
அங்கே என்னை உள்ளேயே விடமாட்டாங்க."
சுண்டைக்காய் கால் பணம் என்று தொடங்கினேன்.
சுமைகூலியை அவளே சொல்லி முடித்தாள்.

இரவு பதினொன்றுக்கு, தோ பாயோ வீட்டில்,
சிங்பாஸில் விரல் வைத்து நுழைந்தேன்.
வைரவன் தர வேண்டியது
இருபத்து மூவாயிரத்து நானூற்று அறுபது வெள்ளி.
வாசலின் அகலம் இருபதாயிரம்.
அவரும் ஒப்புக்கொண்டால் முப்பது வரை போகலாமாம்.
ஒப்புக்கொள்கிறவராக இருந்தால்
நான் ஏன் இந்நேரத்துக்கு விழித்திருக்கிறேன்?
'மிச்சத்தைக் கைவிடுகிறேன்'
என்ற கட்டத்தில் ஒரு டிக்.

எந்த மிச்சம் என்று படிவம் கேட்கவில்லை.
எனக்குத்தான் தூக்கம் போயிற்று.

கெர்பாவ் ரோட்டு உணவகத்தில்
அடுப்புகளுக்கு மேலே இழுத்த செப்புக் குழாயா?
தீபாவளிக்கு முந்தின இரவு
கம்ப்ரஸர் மாற்றிய மொய்னுலின் ஓவர்டைமா?
அதை அவனுக்கு அன்றே எண்ணிக் கொடுத்தாயிற்று,
விடுவதற்கில்லை.

மாடியில், வைரவனின் அப்பா படுத்திருந்த அறை:
ஆயிரத்து நூற்று எண்பது.
சத்தம் போடாத மெஷினாகத் தேடிப் போட்டேன்.
ஒன்பது நாள் ஓடியது.
பில்லில் அந்த வரிக்கு வந்தபோது
கை ஒருமுறை நின்றது,
பிறகு எழுதியது.

அது போகட்டும்.

மீதி இரண்டாயிரத்துச் சொச்சத்துக்குச்
செப்பைத்தான் வெட்டினேன்.
அதில் துக்கமில்லை, நல்ல கோபம் மட்டும்.

அழைத்த நாளில்
அதே ஹேவ்லாக் சதுக்கம், அதே பைச் சோதனை,
லிஃப்டில் மட்டும் வேறு பொத்தான்.
வைரவன் தனியாக வந்தார்.
கையில் பிளாஸ்டிக் கோப்பு; உள்ளே
என் பில்கள், நான் குத்திய ஸ்டேப்ளர் பின்னோடு.
இரண்டு நாற்காலி விட்டு உட்கார்ந்தார்.

திரையில் எங்கள் எண் இன்னும் வரவில்லை.
தலைக்கு மேல் ஏர்கான் ஒரு மாதிரி முனகியது.
ஃபில்டர் கழுவி ஆறு மாதமாவது இருக்கும்.
அவரும் அண்ணாந்து பார்த்தார்.
பிறகு, என்னை.