தேவைப்படின்

அடிக்கவில்லை. திட்டவும் இல்லை.
கொத்தனார் ஞானசிகாமணி மூன்றாம் தடவை நூல் பிடித்தபோது
ரசலையன் வந்தான்,
வானத்துக்குள் காலைத் தொங்கப்போட்டு உட்கார்ந்தான்,
பீடி பற்றவைத்தான்.

அருமனைப் பக்கம், அஸ்திவாரத்துக்குத் தோண்டும் குழிக்கு
வானம் என்றுதான் பேர்.

எட்டு வருஷத்துக்கு முந்தி ஒரு மழையில்
எங்கள் இருவருக்கும் நடுவில் நின்ற கய்யாலை கரைந்தது.
ஒன்றரை அடி மண் யாருடையது என்பது
அதோடு கரைந்தது.

கல் இறக்கிய லாரிக்காரன் பாக்கி கேட்டு வந்தான்.
கையாட்கள் ரெண்டுபேர் வேறு சைட்டுக்குப் போனார்கள்.
ஸ்டேஷனில் சொன்னார்கள்:
இது சிவில். கோர்ட்டுக்குப் போங்கம்மா.
குழித்துறைக் கோர்ட்டில் ஏழு வருஷம் நடந்து வாங்கிய தீர்ப்பு
பிளாஸ்டிக் கவரில் இருந்தது. எடுத்துக் கொடுத்தேன்.
ஏட்டையா தாளைத் தடவிப் பார்த்தார்,
துணிக்கடையில் வாங்கப்போவதில்லை என்று முடிவுசெய்தவர்போல.
‘இதுல போலீசுன்னு எங்கயும் எழுதல்லியே.’

அப்படித்தான் மதுரைக்குப் போனது.
மார்த்தாண்டத்தில் ராத்திரி பஸ்,
விடியும்போது மாட்டுத்தாவணி.
ஒத்தக்கடையில் யானைமலை படுத்திருந்தது
யாருடைய சர்வே எண்ணில் கிடக்கிறோம் என்ற கவலை இல்லாமல்.

மனுவில் நான்
லில்லிபுஷ்பம், வயது ஐம்பத்திரண்டு,
கணவர் பெயருக்கு முன்னால் ஒரு ‘லேட்’.
ஒன்றாம் எதிர்மனுதாரர் காவல் கண்காணிப்பாளர்.
இரண்டாமவர் இன்ஸ்பெக்டர்.
மூன்றாவதாக ரசலையன்.
இத்தனை பெரிய ஆட்களுக்குக் கீழே தன் பேர் அச்சில் வந்ததை
அவன் ஒரு வாரம் சட்டைப்பையில் வைத்துத் திரிந்தானாம்.

நாலு நிமிஷம். சாயா ஆறும் நேரம்கூட இல்லை.
மனுவைப் பரிசீலித்து, தேவைப்படின்,
சட்டத்துக்கு உட்பட்டு, உரிய பாதுகாப்பு.
‘ஜெயிச்சாச்சு’ என்றாள் வக்கீல் சுகிர்தா.
நான் அந்தத் ‘தேவைப்படின்’ மேலேயே நின்றுகொண்டிருந்தேன்.
ஆரல்வாய்மொழியில் காற்று பஸ்ஸை ஒருபக்கமாகத் தள்ளியபோதும்
மடியில் அந்த ஒரு சொல்தான் கனத்தது.
யாருக்குத் தேவைப்படின்?

ரெண்டு நாளைக்குப் பணம் கட்டினேன்.
ஒரு எஸ்.ஐ., ஒரு பெண் போலீஸ், பெனிலா.
சர்ச்சிலிருந்து நாற்காலி எடுத்துப் போட்டேன்.
முதல் நாள் கல் அடுக்கினோம்.
ரசலையன் வீட்டில் டிவி ஓடியது, ஆள் வெளியே வரவில்லை.
பெனிலா நோட்டில் எழுதினாள்: அமைதி.

மறுநாள் பதினொன்றே முக்காலுக்கு எடவப்பாதி இறங்கியது.
மேலே இருந்த வானம்
கீழே தோண்டிய வானத்தை நிரப்பிற்று.
மழையை நான் எதிர்மனுதாரராகச் சேர்த்திருக்கவில்லை.
கொத்தனார் ரப்பர் ஷீட் காயும் கொட்டகைக்கு ஓடினார்,
பின்னால் போலீசு, போலீசுக்குப் பின்னால் நான்.

அப்போதுதான் கய்யாலை இருந்த இடத்துக்கு அந்தப்பக்கமிருந்து,
எட்டு வருஷத்தில் முதல்முறையாக:
‘எக்கா, சிமெண்டு நனையுது! சிமெண்டு!’

பதினேழு மூட்டை.
நானும் பெனிலாவும் ஆளுக்கொரு முனை பிடித்தோம்.
அவள் தொப்பி சேற்றில் விழுந்தது.
ரசலையன் கைகொடுக்க வரவில்லை. வந்தால் இடையூறு.
எல்லைக்கல்லுக்கு ஒரு சாண் தள்ளி நனைந்துகொண்டு நின்றான்,
எதுவரைக்கும் கால் வைக்கலாம் என்று கற்றுக்கொடுத்திருந்தோம்.

சாயங்காலம் பெனிலா கையெழுத்துக்கு நோட்டை நீட்டினாள்.
‘பகல் 11.50. மூன்றாம் எதிர்மனுதாரர் உரக்கச் சத்தமிட்டார்.
வேலை நின்றது.’

ரெண்டும் உண்மை.
ரெண்டுக்கும் நடுவில் ஒரு சொல்லுக்கு இடம் கிடந்தது.

சுவர் இன்னும் மூன்றடி பாக்கி.
இன்னொரு நாள் பாதுகாப்புக் கேட்டு எழுத
அந்த வரி தேவைப்படும்.
கையெழுத்துப் போட்டேன்.