இடம், வலி

மர ஆலையில் பட்டை ரம்பம் அறுந்தது
ஒரு செவ்வாய்க்கிழமை, காபி நேரத்துக்குச் சற்று முன்.
நக அளவு இரும்புத் துண்டு
என் தோள்பட்டைகளுக்கு நடுவே புகுந்து
தண்டுவடத்தின் இடப்பாதியை அறுத்துவிட்டு
நின்றுகொண்டது.
பாதி.
அதற்கு மேல் போக அதற்கே மனமில்லை போலும்.

தார்த்து மருத்துவமனை. டாக்டர் ஹெல்வி
பஞ்சும் குண்டூசியும் ஓர் இசைக்கவையும் கொண்டுவந்து
கண்ணை மூடச் சொன்னார்.
கவையைத் தட்டி வலக் கணுக்காலில் வைத்தார்:
தேன்கூடு.
இடக் கணுக்காலில் வைத்தார்:
சும்மா இரும்பு.
இடக்காலைக் குத்தினார், அலறினேன்.
வலக்காலைக் குத்தினார்.
"தொடுகிறீர்கள்" என்றேன், மரியாதையாக.
இடக் கட்டைவிரலைப் பிடித்து அசைத்து
மேலேயா, கீழேயா என்றார்.
படிக்காமல் வந்த பிள்ளையின் துணிச்சலோடு
மேலே என்றேன்.
கீழே.

ஒரு காலும் முழுதாகப் போகவில்லை,
ஒரு காலும் முழுதாகத் தப்பவில்லை.
இதென்ன பங்கீடு என்று கேட்டேன்.
மதியச் சாப்பாட்டுச் சீட்டின் பின்பக்கம்
அவர் பென்சிலால் இரண்டு கோடு இழுத்தார்.

கால் எங்கே இருக்கிறது என்ற சேதியும் அதிர்வும்
புகுந்த பக்கமாகவே ஏறிப் போகுமாம்,
பிடரி வரை, அவசரமில்லாமல்.
அங்கேதான் மறுபக்கம் தாண்டும்.
வலிக்கும் சூட்டுக்கும் அவ்வளவு பொறுமை இல்லை.
முதுகுக்குள் நுழைந்த கையோடு
எதிர்ச்சாரிக்குத் தாவிவிட்டுத்தான் ஏறும்.
இடக்காலிலிருந்து நேராக ஏறி வந்ததையும்
வலக்காலிலிருந்து தாவி வந்ததையும்
ஒரே படிக்கட்டில் வைத்து
மடக்கிவிட்டது அந்த நகத்துண்டு.

ஆக,
இடக்காலுக்கு இடம் தெரியாது.
வலக்காலில் வலி இருக்கிறது, வலி இல்லை.
இடக்காலில் வலி இல்லை,
வலி இருக்கிறது.

சாப்பாட்டுச் சீட்டை வீட்டுக்கு எடுத்துவந்தேன்.
அன்றைக்குப் பீட்ரூட் சூப்.

மார்ச்சில், ஊன்றுகோலோடு, முதல் சவுனா.
புகையை வெளியேற்றிய பிறகும் கறுத்திருக்கும் அறை.
இருட்டில் இடக்கால் காணாமல் போனது;
கையால் தேடி, முழங்காலைப் பிடித்து,
பலகைமேல் தூக்கி வைத்தேன்,
யாருடைய மூட்டையையோ வைப்பதுபோல்.
எண்டெல் கல்லில் தண்ணீர் வீசினான்.
ஆவி வந்தது. இடக்கால்
எங்கோ இருந்தபடி
சுடுகிறது, சுடுகிறது என்றது.
வலக் கெண்டைக்காலில்
பூனை ஒன்று சாய்ந்ததுபோல் இருந்தது.
எங்கள் வீட்டில் பூனை கிடையாது.
நினைத்துக்கொண்டேன், அவ்வளவுதான்,
மேலே பேசிக்கொண்டிருந்தேன், கோழித்தீவன விலை பற்றி.

வாசனை வந்தது.
வாசனைக்குத் தண்டுவடம் வேண்டாம்.
மற்றப் புலன்கள் எல்லாம் காத்துக் கிடக்கும்
மூளையின் நடுக்கூடத்தில்
அது வரிசையில்கூட நிற்பதில்லை.
நேராக உள்ளே வந்து
உர்வே, கருகுவது நீதான் என்றது.

அடுப்புக்கல்லில் ஒட்டியிருந்த காலை
எண்டெல்தான் பிய்த்து எடுத்தான்.
அவன் அழுதான். எனக்கு
அழ ஒரு காரணமும் வந்து சேரவில்லை.
தழும்பு இப்போது பிளம் பழ நிறம்.

அதற்குப் பின் ஒரு வழக்கம் வைத்திருக்கிறேன்:
தொட்டித் தண்ணீரை இடக்கால் சோதிக்கும்,
வலக்கால் இறங்கும்.
நொண்டி ருசி பார்க்கிறான்,
பலசாலி சாப்பிடுகிறான்.

இன்னொன்று.
முப்பத்தோரு வருடம் எண்டெல்
கட்டிலில் என் வலப்பக்கம் படுத்தான்.
குளிர்காலத்தில் அவன் பாதங்கள் உறைந்த மீன்.
தள்ளிப் படு என்று உதைத்திருக்கிறேன்.
ஊருக்குத் திரும்பிய முதல் வாரம் அவன் பாதம் பட்டது:
ஒரு பாதம், அவ்வளவே.
யாருடையதாகவும் இருக்கலாம்.

இடம் மாறிப் படு என்றேன்.
அங்கே ஜன்னல் ஓட்டையில் காற்று வருகிறது என்றான்.
மாறிப் படு.
முனகிக்கொண்டே தலையணையைத் தூக்கி வந்தான்.
விளக்கை அணைத்தோம்.
என் கால் எங்கே இருக்கிறதென்று எனக்குத் தெரியவில்லை.
கம்பளிக்குள் எங்கோ
சில்லென்றது.
உதைக்கவும் முடியாது.