ஒட்டுப்பால்

திருவனந்தபுரத்துக் கம்பெனிக்காரன் போனில் சொன்னான்:
'பட்டைமரப்பு' குழுவின் சிறந்த பாட்டுகள்,
பன்னிரண்டு வேண்டும், ஒரே தட்டில்.
நாங்கள் போட்டதே மொத்தம் பதினொன்று
என்று சொல்ல எனக்கு நாக்கு எழவில்லை.

ஹிட் என்று பார்த்தால்
பாறசாலை வளைவில் கேரள பஸ்
எங்கள் ஆம்னியைப் பின்னாலிருந்து அடித்ததுதான்.
சஜின்லாலின் பெரிய டிரம் கதவோடு பிய்ந்து
மரச்சீனி விளைக்குள் உருண்டு போயிற்று.
அன்றிரவு நெய்யாற்றின்கரையில்
அது இல்லாமலே வாசித்தோம்.
ஒருவரும் கேட்கவில்லை, எங்கே என்று.

எட்பர்ட்டின் தொண்டை அப்படி.
களியக்காவிளைக்கு அந்தப்பக்கம்
அவன் தமிழில் உறுமுவதாக நினைத்தார்கள்.
இந்தப்பக்கம், மலையாளம் என்று.
நடுவில் செக்போஸ்ட் ஏட்டு மட்டும்
வண்டியை ஓரங்கட்டி முழுப்பாட்டும் கேட்டுவிட்டு,
"உங்கள்ல எவனுக்குடே சொகமில்ல?" என்றார்.

அவன் பாடியது
படந்தாலுமூடு ரப்பர் கடையின் ரசீதை.
நாலாம் தரம் ஷீட், கிலோ நூற்றுப் பதினேழு,
ஈரக்கழிவு ஒன்றரை, கையொப்பம்.
சபைப் போதகர் வரிவரியாய் எழுதித்தரச் சொன்னார்.
சாத்தானைத் தேடி விரலால் தடவி வந்தவர்
விலை விழுந்த தேதிகளில் நின்று
கண்ணாடியைக் கழற்றினார்.
அவருக்கும் நானூறு மரம் உண்டு.

தோஹாவிலிருந்து மெர்வின் குரல் அனுப்பினான்:
தன் கிட்டார் தனியாய்ப் பறக்கிற மூன்றும் முதலில்.
சஜின்லால், வேகமானவை முதலில்.
எட்பர்ட் இப்போது பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறான்,
பைய, மிகப் பையப் பேசுகிறான்:
"எதை வேண்டுமானாலும் போடு மக்கா,
நாலாவது மட்டும் வேண்டாம்."
நாலாவது, அருமனைக்காரி ஒருத்தியைப் பற்றி.
உலகத்தில் யாருக்கும் வார்த்தை பிடிபடாது.
அவன் வீட்டுக்காரிக்குப் பிடிபடும்.

நான் பேஸ். நாலு தடித்த கம்பி.
வாசித்தால் தெரியாது. நிறுத்தினால்
மேசையின் ஒரு கால் குட்டையானதுபோல இருக்கும்,
அப்போதும் மேசையைத்தான் குனிந்து பார்ப்பார்கள்.
இப்போது குழித்துறையில் ஒட்டுப்பால் எடுக்கிறேன்.
விடிந்தால் சாக்கு சாக்காய் வரும்:
சிரட்டையில் உறைந்தது,
வெட்டுப்பட்டையில் நூலாய்க் காய்ந்தது,
தரையில் சிந்தி மண்ணோடு சுருண்டது.
நாற்றம் சட்டையைவிட்டுப் போகாது.
ஷீட்டுக்குக் கிடைப்பதில் பாதிகூட வராது.
கட்டிகளை அறுத்துப் பார்ப்பேன்,
சிலதுக்குள் கல் வைத்திருப்பார்கள்.

நாலாவதை எடுத்தால் பத்து. இரண்டு குறைந்தது.
மெர்வினின் பறத்தல் ஒன்றை இரண்டாய் வெட்டினேன்,
பதினொன்று.

பன்னிரண்டாவது ஒரு பழைய போனில் கிடந்தது.
மெர்வினின் சித்தப்பாவுடைய புகைப்புரை,
ஐப்பசி மழை, கரண்ட் போன நேரம்.
கிட்டார் செத்துவிட்டது.
இன்வெர்ட்டரில் இருந்தது என் ஒரு பிளக் மட்டும்.
கொடியில் தொங்கிய ஷீட்டுகள்
மற்ற சத்தத்தையெல்லாம் குடித்துக்கொள்ள
நான் வாசிக்கிறேன், தப்பாக.
இரண்டாம் சுற்றில் அரைக்கட்டை கீழே.
மூன்றாம் சுற்றிலும் அதே இடத்தில்.
எட்பர்ட் இருமுகிறான்.
யாரோ, சஜின்லாலாகத்தான் இருக்கும்,
"லேய், இது நீயா?" என்கிறான்.

அனுப்பிவிட்டேன்.

மறுநாள் கம்பெனிக்காரன் அழைத்தபோது
பளுகல்காரரின் சாக்கு தராசில் ஆடிக்கொண்டிருந்தது.
பேஸ் தெளிவாய்க் கேட்கிறது என்றான்.
பாட்டுக்குப் பேர் என்ன என்றான்.
அவசரப்பட்ட பளுகல்காரரிடம் நான்
முள் நிற்கட்டும் என்றேன்.

நேற்று பார்சல் வந்தது.
அட்டையின் பின்புறம், கடைசி வரி:
12. முள் நிற்கட்டும் — 4:06